சைபர்கிரைண்ட் என்று எதைச் சொல்கிறோம்?

திருகோணமலையில் எக்ஸ்ட்ரீம் மெட்டல் கேட்கிறவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். அந்தச் சின்னக் கூட்டத்துக்குள்ளேயே போன கிழமை வாட்ஸ்அப்பில் பெரிய வாக்குவாதம். பாலையூற்றில் இருக்கிற தம்பி ஒருவன் தான் செய்த ஒன்றரை நிமிடப் பாட்டைப் போட்டு, கீழே 'சைபர்கிரைண்ட்' என்று எழுதியிருந்தான். கிரைண்ட்கோர் என்ற அதிவேக மெட்டலில் மெஷின் இசை கலந்தால் வைக்கிற பேர் அது. ஒருவர் வந்து, "சிந்த் (மின்னணுக் கீபோர்ட்) ஒன்றும் இல்லையே, இது எப்படிச் சைபர்கிரைண்ட்?" என்று கேட்டார். இன்னொருவர், "டெக்னோ கிக் (நடன இசையின் கனத்த பேஸ் ட்ரம் அடி) இருந்தால்தான் அது சைபர்கிரைண்ட்" என்றார். மூன்றாமவர் சொன்னதுதான் மனதை உறுத்தியது: "ட்ரம்ஸ் அடிக்க ஆள் கிடைக்காதவர்கள் வைத்துக்கொள்கிற பேர் அது."

அங்கேயே பதில் எழுதத் தொடங்கினேன். நீண்டுகொண்டே போனதால் இங்கே போடுகிறேன். மெட்டல் கேட்காத நண்பர்களும் வாசியுங்கள். இது கொஞ்சம் நம் ஊரைப் பற்றியதும்கூட.

கிரைண்ட்கோர் 1980களின் நடுவில் இங்கிலாந்தில், முக்கியமாகப் பேர்மிங்காமில், பங்க்கும் மெட்டலும் முட்டிக்கொண்ட இடத்தில் பிறந்தது. நேபாம் டெத் குழுவின் முதல் அல்பமான 'ஸ்கம்' வந்தது 1987இல். அதில் ஒரு பாட்டு ஒரு செக்கன் சொச்சத்தில் முடிந்துவிடும்; உலகின் மிகக் குறுகிய பாட்டு என்று கின்னஸில் இருக்கிறது. இந்த இசையின் முதுகெலும்பு பிளாஸ்ட் பீட். ட்ரம்ஸ் செட்டின் கிக்கும் (காலால் மிதிக்கிற பெரிய ட்ரம்) ஸ்னேரும் (கூர்மையாக வெடிக்கிற சின்ன ட்ரம்) சிம்பலும் இடைவெளியே இல்லாமல் கொட்டுகிற அடி. அதை அடிக்கிறவருக்கு ஓட்டக்காரரின் மூச்சும் தச்சரின் மணிக்கட்டும் வேண்டும். கிரைண்டில் ட்ரம்மருக்கு இருக்கிற மரியாதை இதனால் வந்தது. அந்த இடத்தில் ஒரு மெஷினை வைத்தால் ஏன் கோபம் வருகிறது என்பதும் எனக்கு விளங்குகிறது.

ஆனால் மெஷினை வைத்தவர்கள் யார் என்று பாருங்கள். 'ஸ்கம்' அல்பத்தின் முதல் பக்கத்தில் கிட்டார் வாசித்தவர் ஜஸ்டின் புரோட்ரிக். அவர் நேபாம் டெத்தை விட்டுப் போய் 1988இல் தொடங்கிய குழு கொட்ஃபிளெஷ். கிட்டார், பேஸ், ட்ரம் மெஷின். 1989இல் வந்த 'ஸ்ட்ரீட்கிளீனர்' மெதுவான இசை, கிரைண்ட் இல்லை. ஆனாலும் கனமான இசைக்குள் மெஷின் ஒரு உறுப்பினராக உட்காரலாம் என்று பலருக்குக் காட்டியது அதுதான். 1996இல் ஒரு அல்பத்துக்கு நிஜ ட்ரம்மரைச் சேர்த்தார்கள். பல வருடம் ஓய்ந்து கிடந்துவிட்டு 2014இல் புது அல்பத்தோடு வந்தபோது, திரும்பவும் மெஷினோடுதான் வந்தார்கள். வேண்டுமென்றுதான் திரும்பிப் போனார்கள்.

சைபர்கிரைண்ட் என்ற பேரின் முதல் பொருள் அமெரிக்காவில் அகோராஃபோபிக் நோஸ்ப்ளீட் குழுவிடம் தெளிவாகக் கேட்கிறது. சுத்தமான கிரைண்ட், ட்ரம்ஸ் மட்டும் புரோகிராம் செய்தது. சிந்த் இல்லை, நடன இசை இல்லை. 2003இல் 'ஓல்டர்ட் ஸ்டேட்ஸ் ஒஃப் அமெரிக்கா' என்று ஒன்று வெளியிட்டார்கள். மூன்று அங்குலச் சின்ன சீடி, அதற்குள் 100 தடங்கள், மொத்தம் சுமார் 20 நிமிடம். இந்தக் குழுவின் மெஷினை எழுதுகிறவர் ஸ்கொட் ஹல். அதே ஆள் அதே காலத்தில் பிக் டிஸ்ட்ரோயர் என்ற இன்னொரு குழுவில் கிட்டார் வாசித்துக்கொண்டிருந்தார். அங்கே ட்ரம்ஸில் மனிதர். ஆள் கிடைக்காதவர் என்று அவரை யாராலும் சொல்ல முடியாது. மூன்றாமவருக்கு என் முதல் பதில் இதுதான்.

ஹல் ஏன் மெஷினை வைத்துக்கொண்டார் என்று கணக்குப் போட்டே பார்க்கலாம். நிமிடத்துக்கு 250 பீட், ஒரு பீட்டுக்கு நாலு தட்டு என்றால் செக்கனுக்கு சுமார் 17 தட்டு. கெட்டிக்கார ட்ரம்மர் ஒருவர் இதன் பக்கத்தில் போய் நிற்பார். அதையே 400 ஆக்குங்கள், செக்கனுக்கு 26 தாண்டும். நம் காது செக்கனுக்கு 20க்கு மேல் போகிற துடிப்பைத் தனித்தனி அடியாகப் பிரிக்கத் தடுமாறும். அது ஒரே சுருதியாக, ஒரு உறுமலாக மாறிவிடும். அடி சுரமாகிற அந்த எல்லையைத் தாண்டிப் போய்த் திரும்பி வருவது மெஷினுக்கு மட்டும் முடிகிற காரியம். அதைக் கேட்டபிறகு "ட்ரம்மர் இல்லாத குறை" என்று என்னால் சொல்ல முடியாது.

இனி அந்தத் தம்பி. போன சனிக்கிழமை அவன் வீட்டுக்குப் போனேன். பழைய லப்டொப், கிட்டாரைச் செருக ஒரு சின்னப் பெட்டி, ஒரு பக்கம் டேப் சுற்றிய ஹெட்போன். திரையில் ஸ்னேர் அடிகள் குட்டிக் குட்டிச் சதுரமாக வரிசை கட்டி நிற்கின்றன. ஒவ்வொன்றின் கீழும் ஒரு செங்குத்துக் கோடு, அந்த அடியின் பலம். மிடி என்ற, கணினிக்கு இசையை எண்ணாகச் சொல்கிற முறையில் அது 0 முதல் 127 வரை போகும். பாட்டின் முதல் 40 செக்கனில் எல்லாக் கோடும் 127இல் முட்டி நின்றன. "தையல் மெஷின் மாதிரிக் கேட்குது அண்ணா, அதுதான் எனக்கு வேணும்" என்றான். பிறகு மெதுவான பகுதிக்கு உருட்டிக் காட்டினான். அங்கே ஒரு கோடு 92, அடுத்தது 101, அடுத்தது 88. சில சதுரங்கள் கட்டத்தை விட்டு மயிரிழை பின்னால் தள்ளி வைக்கப்பட்டிருந்தன. ஒவ்வொன்றையும் கையால் இழுத்து வைத்திருக்கிறான். அந்த நாற்பது செக்கனுக்கு மனித வாடையே வரக்கூடாது, அதற்குப் பிறகு வர வேண்டும் என்று ஒருவன் முடிவெடுத்திருக்கிறான். என் கணக்கில் அவன் ட்ரம்ஸ் வாசித்திருக்கிறான்.

சரி, "டெக்னோ கிக்" கேட்டவருக்கு வருகிறேன். அவர் சொல்வதும் இருக்கிறது. 1990களின் தொடக்கத்தில் நெதர்லாந்தின் ரொட்டர்டாமில் கபர் என்ற நடன இசை எழுந்தது. ரோலண்ட் நிறுவனம் 1983இல் கொண்டுவந்த டிஆர்-909 என்ற ட்ரம் மெஷினின் கிக் சத்தத்தை, வெடித்துக் கிழியும்வரை ஏற்றிவிட்டு அடிக்கிற இசை. அதை டெத் மெட்டலோடும் கிரைண்டோடும் கட்டிப்போட்டவர்களில் எனக்குப் பிடித்தது மெல்பேர்னின் த பேர்சேர்க்கர். 1995இல் தொடங்கியவர்கள், முதல் அல்பம் 2000இல். இங்கே மெஷின் கிரைண்ட் ட்ரம்மரைப் போல வாசிப்பதே இல்லை. அது வேறொரு ஊரின் கிளப்பிலிருந்து தன் குரலோடு வருகிறது, கிட்டார்தான் அதற்கு வழிவிடுகிறது. ஐரோப்பாவில் கோர்கிரைண்ட் (இரத்தமும் சதையும் பற்றிய கிரைண்ட்) செய்த பலரும் இந்தப் பக்கம் வந்தார்கள். அவர்களுடைய அட்டைப் படங்களையும் தலைப்புகளையும் நான் வீட்டில் யாருக்கும் காட்ட மாட்டேன். பெண் உடலைக் கிழிப்பதை விளையாட்டாக்குகிற அந்தப் பழக்கம் எனக்கு வெறுப்பு, இசை எவ்வளவு நன்றாக இருந்தாலும்.

சிந்த் கேட்டவருடைய பொருள் இன்னும் பின்னால், மைஸ்பேஸ் என்ற சமூகத் தளம் ஓடிய 2000களில் வந்தது. நியூயோர்க் மாநிலத்தில் 2004இல் தொடங்கிய கெங்கிஸ் ட்ரொன் மூன்றே பேர், ட்ரம்மர் கிடையாது. ஒரு கணம் அலறல், அடுத்த கணம் கீபோர்டில் மிதக்கிற மெல்லிய மெட்டு. 2008இல் வந்த 'போர்ட் அப் த ஹவுஸ்' இந்த வகையில் நான் இன்றும் முதலில் எடுத்துக் கொடுக்கிற அல்பம். பிறகு 2021இல் மனித ட்ரம்மரோடு திரும்பி வந்தார்கள். இசை நீண்டது, கிரைண்ட் கரைந்துபோனது. நல்ல அல்பம்தான். ஆனால் மெஷின் போனதும் அந்தத் திடீர் வெட்டுகளும் போய்விட்டன என்பதை யாரும் கேட்டுப் பார்க்கலாம். வீடியோ கேம் சத்தங்களை மெட்டல்கோருக்குள் கொண்டுவந்த ஹோர்ஸ் த பேண்ட் போன்றவர்களையும் சிலர் இதே பேரில் அடைக்கிறார்கள். அதற்கு நின்டென்டோகோர் என்ற தனிப் பேர் இருக்கிறது, அதுவே போதும்.

பேரைத் தவறாக ஒட்டுவதும் நடக்கிறது. ஃபியர் ஃபெக்டரியின் 1995 அல்பத்தைச் சைபர்கிரைண்ட் என்று நம் குழுவில் ஒருவர் போட்டிருந்தார். மெஷின் பற்றிய கதை, மெஷின் போன்ற துல்லியம், ஆனால் அடித்தது மனிதர், இசையும் கிரைண்ட் இல்லை. பெர்லினின் அட்டாரி டீனேஜ் ரயட் 1992இலிருந்து செய்தது டிஜிட்டல் ஹார்ட்கோர். பங்க் வேர், அரசியல் கோபம். பக்கத்து வீட்டுக்காரர்கள், அவ்வளவுதான்.

ஆக ஒரே பேருக்குள் மெஷின் மூன்று வெவ்வேறு வேலை செய்கிறது. ஒன்றில் ட்ரம்மரின் இடத்தில் உட்கார்ந்து ட்ரம்மரால் போகமுடியாத இடத்துக்குப் போகிறது. இன்னொன்றில் நடன மேடையைக் கூட்டிவருகிறது. மற்றதில் ஒரு பாட்டுக்குள் இரண்டு உலகங்களை வெட்டி ஒட்டுகிறது. இவற்றில் எது "உண்மையான" சைபர்கிரைண்ட் என்று அடிபடுவதில் எனக்கு ஆர்வமில்லை. பேசும்போது எதைச் சொல்கிறோம் என்று சேர்த்துச் சொல்லிவிட்டால் போதும். ஆனால் மூன்றையும் "ஆளில்லாததால்" என்று ஒரே வார்த்தையில் தள்ளிவிடுவது ஒன்றையும் கேட்காமல் சொல்கிற பேச்சு.

இதை நம் ஊரில் இருந்து சொல்வதற்குக் காரணம் உண்டு. இங்கே திருவிழா இசைநிகழ்ச்சி எதற்குப் போனாலும் மேடையில் ஒக்டபேட் நிற்கும். எட்டுக் கட்டத்தைக் குச்சியால் தட்டினால் தபேலா, டோலக், ட்ரம்ஸ் எல்லாம் அதற்குள்ளிருந்து வரும். அதை வாசிக்கிறவரை நாங்கள் கைதட்டிக் கூப்பிடுகிறோம், கூப்பிடவும் வேண்டும். கோயில்களில் பூசை நேரத்துக்கு சுவிட்சைத் தட்டினால் மோட்டார் ஓடி, மணியும் மேளமும் தாளமும் தானே அடிக்கிற பெட்டி வந்துவிட்டது. தவில் வாசிக்கக் கைகள் ஊருக்குள் இருக்கும்போதே அந்தப் பெட்டி அடிக்கிறது. மெஷின் மனிதனின் இடத்தைப் பிடிக்கிறதே என்று வருத்தப்படுகிறவர்கள் முதலில் அங்கே வருத்தப்படட்டும். பாலையூற்றுத் தம்பி யாருடைய சோற்றிலும் கைவைக்கவில்லை. திருகோணமலையில் கிரைண்ட் அடிக்கிற ட்ரம்மர் யாரும் அவனால் வேலை இழந்ததாக நான் கேள்விப்படவில்லை.

கொழும்பில் ஸ்டிக்மாட்டா போன்ற மெட்டல் குழுக்கள் வளர்ந்ததற்குப் பின்னால் பயிற்சி அறை, மேடை, ஒலி தெரிந்த ஆட்கள் என்று பல இருந்தன. இங்கே உவர்மலையிலோ உப்புவெளியிலோ ஒரு ட்ரம்ஸ் செட்டை வீட்டில் வைத்து பிளாஸ்ட் பீட் பழகினால் மதிலுக்கு மதில் கேட்கும், பிள்ளைகள் ஏ.எல். படிக்கிற வீடு பக்கத்தில் இல்லாத ஒழுங்கை எது? 2022 மார்ச் கடைசியில் நாளுக்கு 13 மணித்தியாலம் கரண்ட் வெட்டிய நாட்களில்தான் அவன் இந்த மென்பொருளைப் பழகியிருக்கிறான், லப்டொப் பற்றரி தாங்குகிற அளவுக்கு. அலறலை வீட்டில் பதிய முடியாது. கட்டி முடியாமல் நிற்கிற சின்னம்மா வீட்டின் பூச்சில்லாத அறையில் போய்ப் பதிகிறான். அந்த எதிரொலியைப் பாட்டில் கேட்கலாம். அதை அழிக்காமல் விட்டது நல்ல காரியம்.

பாட்டில் குறை இல்லையென்று சொல்லவில்லை. பேஸ் இல்லாததால் அடிப்பக்கம் மெலிந்து கிடக்கிறது. இரண்டாவது ரிஃப் (திரும்பத் திரும்ப வருகிற கிட்டார் துண்டு) முதலாவதின் நிழலாகவே இருக்கிறது. கிக்கும் கிட்டாரும் ஒரே இடத்தில் மோதிக்கொண்டு இரண்டும் மங்குகின்றன. குழுவில் இருக்கிற மூன்று அண்ணன்மாரும் இதைத்தான் அவனுக்குச் சொல்லியிருக்க வேண்டும். உங்களுக்கு என்னைவிடக் காது கூர்மை. பேர் சரியா பிழையா என்று நூறு மெசேஜ் போட்ட நேரத்தில், கிக்கை எந்த அலைவரிசையில் வெட்டினால் கிட்டார் தெரியும் என்று ஒருவர் எழுதியிருந்தால் அவன் அன்றிரவே திருத்தியிருப்பான்.

ஒரு உதவி கேட்கிறேன். அவன் தன் பாட்டை இதுவரை ஹெட்போனில் மட்டும்தான் கேட்டிருக்கிறான். கிக்கின் அடிச் சத்தம் நெஞ்சில் வந்து இடிக்க வேண்டியது. ஹெட்போனில் அது காதோடு நின்றுவிடும், பிழை எங்கே என்றும் தெரியாது. இசைநிகழ்ச்சிக்கு சவுண்ட் போடுகிற யாராவது இதை வாசித்தால், செட் இறக்கி வைத்திருக்கிற ஒரு பகல் நேரத்தில் ஒரு அரை மணித்தியாலம் அவனுக்குத் தாருங்கள். பெரிய பேஸ் பெட்டி இரண்டு இருந்தால் போதும். இன்பொக்ஸில் சொல்லுங்கள், ஓட்டோவில் அவனையும் லப்டொப்பையும் நானே கூட்டிவருகிறேன்.