ஆஸ்துமா பம்ப் (இன்ஹேலர்) அடித்தால் பழகிப்போகுமா? வாட்ஸ்அப் செய்திக்கு விளக்கம்

"பம்ப் அடித்துப் பழகினால் விடவே முடியாது, நுரையீரல் கெட்டுவிடும். மூச்சுத் திணறும்போது மட்டும் அடித்தால் போதும்" என்று ஒரு செய்தி மலேசியாவில் சுங்கை சிப்புட் பக்கம் வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றுகிறது. இது தவறு. உயிருக்கே ஆபத்தான தவறு.

இன்ஹேலர் போதைப்பொருள் அல்ல. ஆஸ்துமா உள்ளவருக்கு, தொந்தரவு இல்லாத நாளிலும் மூச்சுக்குழாயின் உட்சுவரில் அழற்சி, அதாவது வீக்கம், இருக்கக்கூடும். நீல பம்பில் உள்ள சால்புட்டமோல் இறுகிய குழாயைச் சில மணி நேரம் தளர்த்தும், அவ்வளவுதான். வீக்கத்தைக் குறைப்பது டாக்டர் தினமும் இழுக்கச் சொல்லும் ஸ்டீராய்டு பம்ப். ஸ்டீராய்டு என்றதும் பயப்படாதீர்கள்: ஓர் அமுக்கில் வருவது மைக்ரோகிராம் கணக்கு, மாத்திரையில் இருப்பது மில்லிகிராம் கணக்கு. இழுத்த பிறகு வாய் கொப்பளித்துத் துப்புங்கள். வாயில் பூஞ்சை படிவது குறையும். நீலத்தை மட்டும் நம்பியிருக்க வேண்டாம் என்று உலக ஆஸ்துமா வழிகாட்டியான கீனா 2019-லேயே சொல்லிவிட்டது.

அப்புறம், இது சின்னப் பிள்ளைகளின் நோய் மட்டும் அல்ல. நாற்பது வயதிலும் தொடங்கும். செம்பனைத் தோட்டத்தில் மருந்தடிக்கும் அண்ணன்மார் பலர் விடியற்காலை இருமலை "பனி ஒத்துக்கலை" என்று விட்டுவிடுகிறார்கள். ராத்திரி இருமல், நெஞ்சு இறுக்கம், விசில் சத்தம் வந்து வந்து போனால், அரசாங்க கிளினிக்கில் ஊதிப் பார்க்கும் சோதனையைக் கேளுங்கள்.

ஒரு வாக்கியம் முழுதாகப் பேச முடியவில்லை, உதடு நீலம் பாய்கிறது, பம்ப் அடித்தும் அடங்கவில்லை என்றால் உடனே 999 அவசர எண்ணை அழையுங்கள்.