சமரச ஒப்பந்தமும் பிள்ளையின் உரிமையும்

மணவழக்குகளைச் சமரசமாக முடிப்பதே நல்லது என்று ஒரு கட்டுரையில் படித்தேன்; கட்டுரையாளரின் அந்தக் கருத்தை ஏற்கிறேன். கணவன் மனைவி மனமொத்துத் தீர்த்துக்கொண்டால் மனைவியைக் கணவனோ அவன் வீட்டாரோ கொடுமைப்படுத்தியதாக அப்போதைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 498-ஏ பிரிவில் தொடுத்த வழக்கையும் உயர் நீதிமன்றம் ரத்து செய்யலாம் என்று 2003-இல் பி.எஸ். ஜோஷி வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. இருவரும் ஒப்புக்கொண்டு மணவிலக்குப் பெற வழிசெய்யும் இந்து திருமணச் சட்டத்தின் 13-பி பிரிவில் உள்ள 6 மாதக் காத்திருப்பைத் தகுந்த சூழலில் தளர்த்தலாம் என்று 2017-இல் அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆனால், வழக்கு முடிந்தால் போதும் என்ற களைப்பில், பிள்ளையின் ஜீவனாம்சத்தையும் சேர்த்து விட்டுக்கொடுத்துத் தாய்மார்கள் கையெழுத்திடுவது என்னை மிகவும் வருத்துகிறது. அந்த உரிமை பிள்ளைக்குரியது. தாய் அதை எழுதிக் கொடுத்துவிட முடியாது. எனவே தொகை எவ்வளவு, எந்தத் தேதிக்குள், தவறினால் என்ன என்பதையெல்லாம் ஒப்பந்தத்தில் தெளிவாக எழுதச் செய்து, தாயிடம் நேரில் கேட்டறிந்த பிறகே நீதிபதி ஒப்புதல் அளிக்க வேண்டும். திருப்பித் தரவேண்டிய நகைகளின் பட்டியலும் அதில் விடுபடக் கூடாது.