படை கிளம்பியது, சீசன் முடிந்தது

அத்தனை படைகளும் கிளம்பி, அத்தனை கப்பல்களும் பாய் விரித்து, அத்தனை டிராகன்களும் வானத்துக்கு ஏறிய அந்த நிமிடத்தில் நிறுத்திப் பெயர்ப்பட்டியல் ஓடவிடலாம் என்று எந்த அறையில் உட்கார்ந்து யார் முடிவு செய்தார்கள்? எனக்கு அந்த ஒரு பதில் போதும்.

'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' தொடரின் முன்கதையான 'ஹவுஸ் ஆஃப் தி டிராகன்' இரண்டாம் சீசனின் கடைசி எபிசோடைப் பார்த்தவர்களுக்கு நான் எதைச் சொல்கிறேன் என்று விளக்க வேண்டியதில்லை. பார்க்காதவர்கள் இத்தோடு நிறுத்திக்கொள்ளுங்கள், எல்லாவற்றையும் போட்டு உடைக்கப் போகிறேன். அரியணைக்காக ரெய்னிரா ஒரு பக்கம், அலிசென்டும் அவள் மகன்கள் ஏகான், ஏமண்டும் மறுபக்கம், இதுதான் கதை.

2022 அக்டோபரில் முதல் சீசனை எப்படி முடித்தார்கள் என்று ஞாபகம் இருக்கிறதா? புயலுக்கு நடுவில் ரெய்னிராவின் மகன் லூசெரிஸையும் அவன் சின்ன டிராகனையும் ஏமண்டின் டிராகன் வேகார் ஒரே கடியில் முடித்துவிட்டது. ஏமண்டே அதை நினைத்துச் செய்யவில்லை, கடிவாளம் அவன் கையை மீறிப் போய்விட்டது. அப்புறம் மகன் செத்த செய்தியைக் கேட்டு ரெய்னிரா திரும்பினாள். எம்மா டார்சி அந்த இடத்தில் வாயே திறக்கவில்லை, முகம் மட்டும்தான். இனி சமாதானம் கிடையாது, யுத்தம்தான் என்பது அந்த முகத்தில் தெரிந்தது. திரும்பப் பெற முடியாத ஒன்று நடந்துவிட்டது. அந்த முகத்தை வைத்துக்கொண்டு 2024 ஜூன் வரை காத்திருந்தோம், முணுமுணுக்காமல் காத்திருந்தோம். ஏனென்றால் அது முடிவு. இப்போது கொடுத்திருப்பது முடிவு இல்லை, புறப்பாடு.

சரி, அந்தக் கடைசி நிமிடங்களை ஒன்றுவிடாமல் சொல்கிறேன், என்னால் வேறு எதையும் நினைக்க முடியவில்லை. இசை ஏறுகிறது. ராமின் ஜவாதியின் இசை, அதில் ஒரு குறையும் கிடையாது, அந்த மனிதர் ஒருவர்தான் கொடுத்த வேலையைக் கடைசிவரை செய்திருக்கிறார். அலிசென்ட் வீட்டாரான ஹைடவர்களின் படை நடக்கிறது. மேலே நீல டிராகன் டெசாரியன் பறக்கிறது, சீசன் முழுக்க வாய்வார்த்தையாக மட்டும் கேட்ட டிராகன், இப்போதுதான் முதல்முறை கண்ணில் படுகிறது. நிமிர்ந்து உட்கார்கிறோம். வெட்டு. ரெய்னிராவுக்காக வடக்கிலிருந்து ஸ்டார்க்குகளின் கிழவர் படை வருகிறது, இருப்பதை இழக்கத் துணிந்த கிழவர்கள், பார்க்கும்போதே சிலிர்க்கிறது. வெட்டு. லானிஸ்டர் படை நடக்கிறது. வெட்டு. கடலில் ஏகான் பக்கத்துக்கு வரும் டிரையார்க்கி நகரங்களின் கப்பல்கள், எண்ண முடியாத அளவுக்குக் கப்பல்கள். வெட்டு. ரெய்னிராவின் கடற்படைத் தலைவர் கார்லிஸ் வெலாரியன் தன் கப்பலில், செத்துப்போன மனைவியை நினைத்துப் பெயர் வைத்த கப்பலில் நிற்கிறார். ஆக இந்த இரண்டு கடற்படையும் மோதப்போகிறது, இதோ, இதோ. வெட்டு. டேமனின் மகள் ரெய்னா அந்தக் காட்டு டிராகனைக் கண்டுபிடித்துவிட்டாள், நேருக்கு நேர் நிற்கிறாள், அது எரித்துவிடுமா, ஏற்றுக்கொள்ளுமா? வெட்டு. எரிந்த உடம்போடு ஏகானை அவன் ஆலோசகன் லாரிஸ் வண்டியில் ஒளித்துக் கூட்டிப்போகிறான். வெட்டு. அலிசென்டின் அப்பா ஓட்டோ ஹைடவர் ஒரு கூண்டுக்குள் கிடக்கிறார், யார் அடைத்தார்கள் என்று ஒரு வார்த்தை கிடையாது. வெட்டு. ரெய்னிரா ஒரு பக்கம், அலிசென்ட் ஒரு பக்கம். கறுப்புத் திரை.

அவ்வளவுதான். எட்டு வாரம் பார்த்ததற்குக் கிடைத்தது இது. அடுத்த சீசனின் டிரெய்லரை எடுத்து இந்த சீசனின் கடைசியில் ஒட்டியிருக்கிறார்கள். நல்ல டிரெய்லர்தான், டிரெய்லராகப் பார்த்தால் நானே நாலு முறை பார்த்திருப்பேன். ஆனால் நான் டிரெய்லருக்காகவா இரண்டு வருடம் உட்கார்ந்திருந்தேன்?

இந்தப் பக்கம் உலகத்துக்குத் தலை போகிற யுத்தம் கதவைத் தட்டிக்கொண்டிருக்க, அந்தக் கடைசி எபிசோடில் நேரத்தை எதற்குச் செலவழித்தார்கள் என்று பாருங்கள். ஏகான் பக்கத்து டைலண்ட் லானிஸ்டர் கடல் தாண்டி டிரையார்க்கியிடம் போய்க் கப்பல் கேட்கிறான். கேட்கட்டும், கேட்டுத்தான் ஆக வேண்டும். ஆனால் அவர்களின் கடற்படைத் தலைவி ஷராக்கோ லோஹார் இவனைச் சேற்றில் இழுத்துப் போட்டு மல்யுத்தம் பிடிக்கிறாள், உருளுகிறார்கள், எழுகிறார்கள், மறுபடி உருளுகிறார்கள், அப்புறம் விருந்து, அப்புறம் தன் மனைவிகளோடு படுத்துக் குழந்தை கொடுக்க முடியுமா என்று அவனிடம் ஒரு கேள்வி. வேறொரு நாளில், நான்காவது எபிசோடில், இதை வைத்திருந்தால் சிரித்திருப்பேன். முடிவுக்காக உயிரைப் பிடித்துக்கொண்டிருக்கும் நேரத்தில், புது ஆளை அறிமுகப்படுத்தி, சேற்றில் புரட்டி, அந்தச் சேறு காய்வதற்குள் சீசனை மூடிவிட்டால் என்ன அர்த்தம்? அந்த நிமிடங்களைக் கார்லிஸ் கையில் கொடுத்திருக்கலாம். கடலில் ஒரு முதல் அம்பையாவது விட்டிருக்கலாம். ஒரே ஒரு கப்பலையாவது எரித்திருக்கலாம்!

அதைவிடக் கோபம் அலிசென்ட் விஷயத்தில். மூன்றாவது எபிசோடில் ரெய்னிரா துறவி வேஷம் போட்டுக்கொண்டு தலைநகர் கிங்ஸ் லேண்டிங்குக்குள் நுழைந்து கோயிலில் அலிசென்டைப் பார்த்துப் பேசிவிட்டுப் போனாள். எட்டாவது எபிசோடில் அலிசென்ட் கிளம்பி ரெய்னிராவின் தீவுக்கோட்டை டிராகன்ஸ்டோனுக்குள் வந்து நிற்கிறாள். கடலை வெலாரியன் கப்பல்கள் அடைத்துக்கொண்டிருக்கின்றன, தீவில் டிராகன்கள் இருக்கின்றன, இரண்டு பக்கமும் பிள்ளைகளைக் கொன்றிருக்கிறார்கள். இவர்கள் இருவரும் தயிருக்கு உறைமோர் வாங்கப் பக்கத்து வீட்டுக்குப் போகிற மாதிரி எதிரியின் கோட்டைக்குள் போய் வருகிறார்கள். காவல் என்ன ஆனது, தூரம் என்ன ஆனது? பழைய தொடரான 'கேம் ஆஃப் த்ரோன்ஸி'லும் கடைசி வருடங்களில் இந்த நோய்தான் வந்தது, யாரும் எங்கும் எப்போது வேண்டுமானாலும் போய்ச் சேர்ந்துவிடுவார்கள். அங்கே பட்டது போதாதா?

அந்தக் காட்சியில் ஒலிவியா குக்கும் டார்சியும் நடித்திருப்பது அபாரம், அதனால்தான் வயிறு எரிகிறது. மகனுக்கு மகன் என்று ரெய்னிரா கேட்கிறாள். ஏகானின் தலை வேண்டும். அலிசென்ட் சரி என்கிறாள். பெற்ற பிள்ளையைக் கொடுக்கத் தலையாட்டுகிறாள்! இது எவ்வளவு பெரிய இடம். இதற்குப் பின் விளைவு வேண்டாமா? அவள் திரும்பிப் போக வேண்டும், ஏகானின் அறைக்குள் நுழைய வேண்டும், படுக்கை காலியாக இருப்பதைப் பார்க்க வேண்டும். அந்த ஒரு காட்சியோடு சீசனை முடித்திருந்தால் நான் இந்தப் பதிவையே எழுதியிருக்க மாட்டேன். எல்லாத் துண்டும் கையில் இருந்தது. ஏகான் ஓடிப்போனதை நாமே பார்த்துவிட்டோம். அவளுக்குத் தெரியவில்லை, ரெய்னிராவுக்குத் தெரியவில்லை. அந்தக் கதவை ஒரு முறை திறக்கவிடவில்லை.

ரெய்னிராவின் கணவன் டேமன் கதையை நினைத்தால் தலை சுற்றுகிறது. மூன்றாவது எபிசோடில் ஹாரன்ஹாலுக்குள் போனவன் கடைசிவரை அங்கேயேதான் கிடந்தான். ஆரம்பத்தில் எனக்கும் பிடித்தது, ஓட்டை விழுந்த அந்தக் கோட்டை, ஒழுகும் மழை, மந்திரக்காரி ஆலிஸ் ரிவர்ஸ், சின்ன வயது ரெய்னிராவாக மிலி ஆல்காக் திரும்பி வந்து உட்கார்ந்து துண்டிக்கப்பட்ட தலையைத் தைத்துக்கொண்டிருந்த அந்தக் கனவு. சரி, குற்றவுணர்ச்சி, புரிகிறது. அடுத்த வாரமும் கனவு. அதற்கடுத்த வாரமும் கனவு. அண்ணன் வந்தார், அம்மா வந்தாள், எல்லாரும் வந்தார்கள். கடைசியில் அவனை மாற்றியது எது? ஒரு மரத்தைத் தொடுகிறான், பனிப்பிரதேசத்துப் பிணங்கள் தெரிகின்றன, மூன்று டிராகன் குஞ்சுகளோடு பழைய தொடரின் டனேரிஸ் தெரிகிறாள், உடனே மண்டியிட்டுவிட்டான். ஆக ரெய்னிராவுக்காக இல்லை, அண்ணனுக்குக் கொடுத்த வாக்குக்காக இல்லை, செய்த பாவத்துக்காகவும் இல்லை, இன்னொரு தொடரின் கதை முன்கூட்டியே தெரிந்ததற்காக. மேட் ஸ்மித் மாதிரி ஒரு நடிகனை வைத்துக்கொண்டு இத்தனை வாரம் அறை அறையாக அலையவிட்டு, கடைசியில் முடிவை ஒரு மரத்திடம் ஒப்படைத்துவிட்டார்கள்.

போரையும் மறைத்துவிட்டார்கள். பிராக்கன், பிளாக்வுட் என்ற இரண்டு பகைக் குடும்பத்துப் பையன்கள் எல்லைக் கல்லுக்காக வாய்ச்சண்டை போடுகிறார்கள், வாள் உருவுகிறார்கள், அடுத்த ஷாட்டில் வயல் முழுக்கப் பிணம். அப்போது அதைப் பாராட்டினேன், நல்ல யோசனை, சண்டையைவிட அதன் வீண்தனம் முக்கியம் என்று. இப்போது திரும்பிப் பார்த்தால் சீசன் முழுக்க அப்படித்தான், தொடக்கத்தைக் காட்டுவது, மீதியை நகர்த்திவிடுவது. எட்டு எபிசோடில் டிராகன்கள் ஒன்றோடொன்று மோதியது ஒரே ஒரு முறை, ரூக்ஸ் ரெஸ்டில். அந்த நான்காவது எபிசோட் எப்படி இருந்தது! கார்லிஸின் மனைவி ரெய்னிஸ் தப்பித்துப் போயிருக்கலாம், போகாமல் தன் டிராகன் மெலிஸைத் திருப்பினாள். தெரிந்தே திருப்பினாள். ஈவ் பெஸ்டின் கண்களில் அந்த ஒரு வினாடி. அப்புறம் கீழிருந்து வேகார் எழுந்து வந்தபோது நான் வாய்விட்டுக் கத்திவிட்டேன். இவர்களுக்குத் தெரியாமல் இல்லை. தெரியும், முடியும், செய்து காட்டினார்கள். ஏழாவது எபிசோடில் வெர்மிதோர் என்ற டிராகன் குகைக்குள் அத்தனை பேரையும் எரித்ததும் அப்படித்தான். அதன்பின் ஒரு வாரம் தூக்கம் இல்லாமல் காத்திருந்தோம், அடுத்தது வெடிக்கப் போகிறது என்று.

வெடிக்கவில்லை, ஏனென்றால் இந்த சீசனுக்கு ஒன்பதாவது எபிசோடே கிடையாது. பழைய தொடரைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு ஒன்பது என்றாலே கை நடுங்கும். நெட் ஸ்டார்க்கின் தலை போனது ஒன்பதாவது. பிளாக்வாட்டர் போர் ஒன்பதாவது. அந்தக் கல்யாண வீட்டுக் கொலைகள் ஒன்பதாவது. ஜான் ஸ்னோவும் ராம்ஸியும் மோதியது ஒன்பதாவது. 2011 முதல் 2016 வரை வருடா வருடம் பத்து எபிசோட் கொடுத்தார்கள். இப்போதைய பணத்தோடு ஒப்பிட்டால் 2012இல் அவர்களிடம் இருந்தது கொஞ்சம்தான், ஆனாலும் ஒரு முழு எபிசோடையும் ஒரே இரவுக்கும் ஒரே மதில் சுவருக்கும் ஒதுக்கி அந்தக் கடற்போரை எடுத்தார்கள். கடைசி இரண்டு சீசனில் ஏழு, ஆறு என்று குறைந்தபோதுதான் கதையும் கெட்டது. அந்தப் பாடம் கண்முன்னே இருக்க, இந்தத் தொடரின் முதல் சீசனுக்குப் பத்து கொடுத்துவிட்டு இரண்டாவதை எட்டாக வெட்டியிருக்கிறார்கள். 2023இலேயே செய்தி வந்தது, பெரிய போர் ஒன்று மூன்றாவது சீசனுக்குத் தள்ளப்படுகிறது என்று. கதைக்காகத்தான் குறைத்தோம் என்று அப்போது சொன்னார்கள். எந்தக் கதை? வெட்டிய இடத்தில் ரத்தம் இன்னும் சொட்டிக்கொண்டிருக்கிறது, கதைக்காக வெட்டியதாம்.

சீசன் முடிந்ததும் தொடரின் தலைமைப் படைப்பாளி ரையன் காண்டல் வந்து சொன்னார், அந்தக் கடற்போரை முறையாக எடுக்க நேரமும் வசதியும் வேண்டும் என்று. எடுங்கள் ஐயா, நன்றாகவே எடுங்கள், நான் வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் எடுக்க முடியாத போருக்கு எதற்காக எட்டு வாரம் மேளம் அடித்தீர்கள்? போர் இந்த சீசனில் இல்லை என்று தெரிந்த பிறகு, சீசனுக்கென்று வேறொரு முடிவை யோசித்திருக்க வேண்டாமா? மூன்றாவது சீசனின் படப்பிடிப்பே 2025 தொடக்கத்தில்தான் என்றார்கள். அப்படியானால் எப்போது வரும்? 2026. மொத்தம் நான்கு சீசன் என்றும் சொல்லிவிட்டார்கள். இதே வேகத்தில் போனால் இந்தக் குடும்பச் சண்டை முடிவதற்குள், தொடக்கத்தில் சின்னப் பிள்ளைகளாக நடித்தவர்களுக்குப் பிள்ளை பிறந்துவிடும்.

நாம் என்ன கேட்டோம்? இங்கே திங்கட்கிழமை காலை ஆறரை மணிக்கு எபிசோட் வந்தது. வேலைக்குப் போவதற்கு முன்னால் பார்த்தாக வேண்டும், இல்லையென்றால் பத்து மணிக்குள் எவனாவது ஒருவன் படம் போட்டு யார் செத்தார்கள் என்று எழுதிவிடுவான். வாரத்தின் மோசமான காலையை இவர்களுக்குக் கொடுத்தோம். விருப்பத்தோடுதான் கொடுத்தோம். பஸ்ஸில் நின்றுகொண்டு யார் எந்த டிராகன், எந்த ஏகான் யாருடைய பிள்ளை என்று நண்பர்களுக்கு வம்சாவளி எழுதிக் காட்டினோம். அலிசென்ட் செய்தது சரியா தவறா என்று சண்டை போட்டோம், பேச்சே நின்றுபோகிற அளவுக்குச் சண்டை. ஒரு கதையை இந்த அளவுக்கு நேசிக்கிறவர்களிடம் 'மீதியை 2026இல் பார்த்துக்கொள்' என்று சொல்வது மரியாதை இல்லை.

இன்னொன்றும் இருக்கிறது, இது அந்தத் தொடரை எடுத்தவர்கள் குற்றம் இல்லை. கறுப்புத் திரை வந்ததும், அந்த ஏமாற்றத்தையாவது உட்கார்ந்து முழுசாக அனுபவிக்கலாம், ஜவாதியின் இசையைக் கடைசிவரை கேட்கலாம் என்று பார்த்தால், பெயர்ப்பட்டியல் ஓட ஆரம்பித்த உடனே திரை சுருங்கி ஒரு மூலைக்குப் போய்விட்டது. நடுத்திரையில் ஏதோ சமையல் போட்டி தானாக ஓட ஆரம்பித்தது. யாரோ ஒருவர் வெங்காயம் நறுக்குகிறார். ரிமோட்டைத் தேடி எடுத்து அமுக்குவதற்குள் இசை முடிந்துவிட்டது. பணம் கட்டிப் பார்க்கிறவனிடம் 'இதைப் போடட்டுமா' என்று ஒரு வார்த்தை கேட்க முடியாதா? அதை அணைக்கும் பொத்தானை எந்த மெனுவுக்குள் ஒளித்து வைத்திருக்கிறார்கள் என்று தெரிந்தவர்கள் தயவுசெய்து கீழே எழுதுங்கள், கோடி புண்ணியம்.