பலவீனருக்காகச் செய்த சலுகை: தென்னாப்பிரிக்கத் திருச்சபையில் நிறப்பிரிவினை நுழைந்த கதை

தென்னாப்பிரிக்காவின் நிறவெறி ஆட்சியைப் பற்றிப் பேச்சு வரும்போதெல்லாம், திருச்சபைகள் அரசின் நெருக்கடிக்குப் பணிந்துவிட்டன, காலத்தின் போக்கோடு போய்விட்டன என்று சொல்லி அந்தப் பகுதியை விரைவாகக் கடந்துவிடும் வழக்கம் கிறிஸ்தவர்களாகிய நம்மிடையே இருக்கிறது. இந்த விளக்கத்தை என்னால் ஏற்க முடியவில்லை. காலவரிசையே அதற்கு எதிராக நிற்கிறது. தேசியக் கட்சி ஆட்சியைப் பிடித்து இனஒதுக்கலை நாட்டின் கொள்கையாக்கியது 1948இல். அதற்கு 91 ஆண்டுகளுக்கு முன்பே, 1857இல், டச்சுக் குடியேறிகளின் வழிவந்த வெள்ளையரின் பெரிய சபையான டச்சு சீர்திருத்தத் திருச்சபையின் கேப் சினாடு, அதாவது அதன் ஆளும் பேரவை, வெள்ளையரும் மற்றவர்களும் தனித்தனிக் கட்டடங்களில் வழிபடுவதற்கு அனுமதி அளித்துவிட்டது. அரசு இனஒதுக்கலைச் சட்டமாக்கியபோது, ஞாயிற்றுக்கிழமைதோறும் அதை நடத்திக் காட்டிய அனுபவம் சபையிடம் ஏற்கெனவே இருந்தது.

இத்தனைக்கும் அந்தச் சபை தொடக்கத்தில் தீர்மானித்தது இதற்கு நேர்மாறானது. கேப் பகுதியில் டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி 1652இல் குடியேறிய நாளிலிருந்தே அடிமைகளும் அந்நாட்டின் பூர்வகுடிகளான கோய்கோய் (கோய்) மக்களும் சபையின் விளிம்பில் இருந்தார்கள். ஞானஸ்நானம் பெற்ற அடிமையை விற்கலாமா என்ற கேள்வி எழுந்ததால், தம் அடிமைகளுக்கு ஞானஸ்நானம் கொடுக்கவே எஜமானர்கள் தயங்கினார்கள். ஆனாலும், சோமர்செட் வெஸ்ட் சபையில் ஒரு கலப்பினத்தவர் மற்ற அங்கத்தினரோடு திருவிருந்தில் பங்குபெறலாமா என்ற பிரச்சினை கிளம்பியபோது, 1829ஆம் ஆண்டு சினாடு தெளிவாகவே பதில் சொன்னது. நிறமோ பிறப்போ பாராமல் எல்லா அங்கத்தினருக்கும் ஒரே நேரத்தில் திருவிருந்து வழங்கப்பட வேண்டும். இது வேதவசனத்தின்மேல் நிற்கும் அசைக்க முடியாத கொள்கை என்பதே அந்தப் பதில். அடிமை முறை அப்போது இன்னும் ஒழியவில்லை. அது ஒழிந்தது 1834இல். அடிமைகளை வைத்திருந்த ஒரு சமுதாயத்தின் நடுவே நின்றுகொண்டு சபை இதைச் சொன்னது. சரியான வழி எதுவென்று சபைக்குத் தெரியவில்லை என்ற சாக்குக்கு இங்கே இடமே இல்லை.

பிறகு நடந்ததைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும். கிழக்குக் கேப்பில் காட் ஆற்றுப் பள்ளத்தாக்கில் ஸ்டாக்கன்ஸ்ட்ரோம் என்றொரு சபை இருந்தது. அதன் மூத்த அங்கத்தினர்கள் பெரும்பாலும் கோய் இனத்தவரும் கலப்பினத்தவரும். 1850களில் அங்கே வந்து குடியேறிய வெள்ளை விவசாயிகள், தங்களுக்குத் திருவிருந்தைத் தனியாகக் கொடுக்க வேண்டும் என்று கேட்டார்கள். சபை மூப்பர்கள் மறுத்தார்கள். விவகாரம் மேல்மட்டத்துக்குப் போனது. அங்கே ஒரு சமரசம் சொல்லப்பட்டது: பழைய அங்கத்தினர்கள் பந்தியில் அமர்ந்து அப்பமும் திராட்சரசமும் பெற்று எழுந்த பிறகு, புதிதாக வந்த வெள்ளையருக்கு வேறு பந்தி வைக்கலாம், தப்பெண்ணத்துக்கும் பலவீனத்துக்கும் இடங்கொடுக்கும் சலுகையாக இது இருக்கட்டும். முதல் பந்தி, இரண்டாம் பந்தி என்ற இந்த ஏற்பாடு தமிழ் வாசகருக்கு எதை நினைவூட்டும் என்று நான் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை.

1857இல் சினாடு கூடியபோது இந்தச் சமரசம் ஒரு தீர்மானமாக உருவெடுத்தது. அதை முன்மொழிந்தவர் க்ராஃப்-ரினெட் சபையின் போதகர் மூத்த ஆண்ட்ரூ முர்ரே. ஜெபத்தைப் பற்றிய நூல்களுக்காகத் தமிழ்க் கிறிஸ்தவ வீடுகளில் பெரிதும் மதிக்கப்படும் ஆண்ட்ரூ முர்ரேயின் தந்தை அவர். புறஜாதியாரிலிருந்து வரும் அங்கத்தினர்களை இருக்கிற சபைகளிலேயே சேர்த்துக்கொள்வதுதான் விரும்பத்தக்கது, அதுவே வேதத்துக்கு ஏற்றது என்று தீர்மானம் தொடங்குகிறது. ஆனால் சிலருடைய பலவீனத்தின் காரணமாக இந்த ஏற்பாடு புறஜாதியார் நடுவில் கிறிஸ்துவின் ஊழியத்துக்குத் தடையாகுமானால், அப்படிப்பட்ட அங்கத்தினர்கள் தங்கள் கிறிஸ்தவ உரிமைகளைத் தனிக் கட்டடத்தில் அனுபவிக்கலாம் என்று அது முடிகிறது.

இந்தத் தீர்மானத்தை எத்தனை முறை படித்தாலும் என் மனம் ஆறுவதில்லை. இதில் வெறுப்பு இல்லை, வசை இல்லை. பரிவும் ஊழிய வாஞ்சையும்தான் மேலே தெரிகின்றன. சரியானது எது என்று முதல் வரியில் ஒப்புக்கொண்டுவிட்டு, அடுத்த வரியில் அதைச் செய்யாமலிருக்க வழி தேடியிருக்கிறார்கள். பலவீனருடைய பலவீனங்களைத் தாங்க வேண்டும் என்று பவுல் ரோமருக்கு எழுதினார். எதைப் புசிக்கலாம், எந்த நாளைக் கைக்கொள்ளலாம் என்று மனச்சாட்சியில் தடுமாறிய எளிய விசுவாசிகளை மனத்தில் வைத்தே அவர் அப்படி எழுதினார். ஸ்டாக்கன்ஸ்ட்ரோமில் பலவீனர் என்று அழைக்கப்பட்டவர்களோ நிலமும் துப்பாக்கியும் அரசின் ஆதரவும் கையில் வைத்திருந்தவர்கள். அவர்களுடைய கூச்சத்தைத் தாங்கும் பாரம் கோய் விசுவாசியின் தோளில் ஏற்றப்பட்டது. அவரிடம் யாரும் சம்மதம் கேட்கவில்லை. மன்னிக்கப்பட வேண்டிய ஒரு பாவத்தைப் பராமரிக்கப்பட வேண்டிய ஒரு நோயாகச் சபை நடத்தியது. அதுவே முதல் துரோகம் என்று நான் கருதுகிறேன்.

விதிவிலக்காக அனுமதிக்கப்பட்டது விரைவிலேயே வழக்கமாகிவிட்டது. 1881இல் கலப்பினத்தவருக்கென்று மிஷன் திருச்சபை தனியாக ஏற்படுத்தப்பட்டது. 1910இல் ஆரஞ்சு ஃப்ரீ ஸ்டேட்டில் கறுப்பின மக்களுக்கென்று இன்னொரு சபை எழுந்தது. இவற்றை மகள் சபைகள் என்று அழைத்தார்கள். ஆனால் பணமும் முக்கிய முடிவுகளும் பெரும்பாலும் வெள்ளையரின் தாய்ச்சபையின் கையிலேயே இருந்தன. 20ஆம் நூற்றாண்டு பிறந்தபோது, தனித்தனியாக வழிபடுவதற்கு யாரும் காரணம் சொல்லத் தேவையில்லாத நிலை வந்துவிட்டது.

காரணம் அதற்குப் பிறகுதான் தேடப்பட்டது. இறையியல் பிரிவினையைப் பெற்றெடுத்தது என்று பலர் நினைக்கிறார்கள். தென்னாப்பிரிக்காவில் பிரிவினைதான் தனக்கேற்ற இறையியலைப் பெற்றெடுத்தது. பாபேல் கோபுரத்தில் தேவன் மொழிகளைத் தாறுமாறாக்கியது இனங்கள் பிரிந்தே இருக்க வேண்டும் என்பதற்கான கட்டளையாக வாசிக்கப்பட்டது. அப்போஸ்தலர் 17:26 இன்னும் வேதனையான உதாரணம். மனுஷஜாதியான சகல ஜனங்களையும் ஒரே இரத்தத்தினாலே தோன்றப்பண்ணினார் என்பது அந்த வசனத்தின் தொடக்கம். அதை ஓரமாக வைத்துவிட்டு, குடியிருப்பின் எல்லைகளைக் குறித்தார் என்ற பிற்பகுதியை மட்டும் மேடைகளில் முழங்கினார்கள். டச்சு வழிவந்த வெள்ளையரான ஆஃப்ரிகானர்களின் ஆஃப்ரிகான்ஸ் மொழியில் வேதாகமம் வருவதற்குப் பெரும்பங்காற்றிய கவிஞரும் இறையியலாளருமான ஜே. டி. டு டாய்ட், 1944இல் ப்ளூம்ஃபோன்டைனில் ஆற்றிய உரையில், படைப்பின் முதல் நாளிலிருந்தே தேவன் பிரித்துவைக்கிறவராக இருக்கிறார் என்று வாதிட்டார். 1948இல் பிரதமரான டி. எஃப். மலான் இதே திருச்சபையில் போதகராக இருந்தவர். அதே ஆண்டில் திருச்சபையின் அதிகாரபூர்வ இதழ், இனங்களைப் பிரித்துவைக்கத் தாங்கள் எப்போதும் பாடுபட்டு வந்ததாகவும், இனஒதுக்கலைத் திருச்சபையின் கொள்கை என்றே சொல்லலாம் என்றும் பெருமையோடு எழுதியது. அடுத்த ஆண்டே கலப்பு மணம் சட்டத்தால் தடைசெய்யப்பட்டது.

இந்த வரலாற்றில் நம் மக்களுக்கும் ஒரு பந்தி ஒதுக்கப்பட்டிருந்தது. 1860 நவம்பரில் சென்னையிலிருந்து டர்பன் போய்ச் சேர்ந்த ட்ரூரோ கப்பலில் தொடங்கி, கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாகச் சென்றவர்களில் தமிழர் ஏராளம். அவர்களுடைய சந்ததியாரில் சிலர் சீர்திருத்தத் திருச்சபையின் ஊழியத்தால் கிறிஸ்துவை ஏற்றுக்கொண்டபோது, அவர்கள் வெள்ளையரின் சபையில் சேர்க்கப்படவில்லை. கலப்பினத்தவருக்கு ஒன்று, கறுப்பினத்தவருக்கு ஒன்று என்று இருந்த வரிசையில், 1968இல் இந்திய சீர்திருத்தத் திருச்சபை என்ற நான்காவது சபை உருவாக்கப்பட்டது. ஒவ்வோர் இனத்தவரும் தனித்தனிப் பகுதியில்தான் வாழ வேண்டும் என்ற அரசின் குழுவாரிப் பகுதிச் சட்டம் டர்பன் இந்தியர்களை அவர்கள் வாழ்ந்த இடங்களிலிருந்து பெயர்த்துச் சாட்ஸ்வொர்த்தில் குடியேற்றிக்கொண்டிருந்த அதே காலம் அது. ஒரே விசுவாச அறிக்கை, ஒரே ஆராதனை முறை, ஒரே ஞானோபதேசம். ஆனால் தோலின் நிறத்துக்கேற்ப நான்கு பெயர்ப்பலகைகள்.

ஆங்கிலம் பேசும் திருச்சபைகளைப் பற்றியும் சொல்லாவிட்டால் நியாயமாகாது. அவர்கள் கண்டனத் தீர்மானங்களை நிறைவேற்றினார்கள். ஆனால் அவர்களுடைய சபைகளும் நடைமுறையில் நிறத்தின்படியே பிரிந்திருந்தன. விதிவிலக்காக எழுந்த குரல்களில் ஒன்று கேப்டவுனின் ஆங்கிலிக்கன் பேராயர் ஜெஃப்ரி கிளேட்டனுடையது. வெள்ளையர் பகுதியிலுள்ள ஆலயங்களுக்குக் கறுப்பினத்தவர் வருவதைத் தடுக்க அமைச்சருக்கு அதிகாரம் தரும் மசோதா 1957இல் வந்தபோது, அப்படியொரு சட்டத்துக்குத் தாமும் கீழ்ப்படிய மாட்டோம், தம் சபையாரையும் கீழ்ப்படியச் சொல்ல மாட்டோம் என்று அவர் பிரதமருக்குக் கடிதம் எழுதினார். சாம்பல் புதனன்று எழுதினார். மறுநாள் மாரடைப்பில் இறந்துபோனார். சட்டம் சற்றே மாற்றப்பட்டு அதே ஆண்டில் நிறைவேறியது.

சீர்திருத்தத் திருச்சபைக்குள்ளிருந்தே ஒரு மனிதர் திரும்பி நின்றது எனக்கு இதைவிடப் பெரிதாகத் தெரிகிறது. 1960 மார்ச் 21இல் ஷார்ப்வில்லில் எதிர்ப்புத் தெரிவிக்கக் கூடிய கறுப்பினத்தவரில் 69 பேரைக் காவல்துறை சுட்டுக் கொன்றது. அந்த ஆண்டின் இறுதியில் ஜோகன்னஸ்பர்க்கின் காட்டஸ்லோவில் திருச்சபைகள் கூடி, கிறிஸ்துவை விசுவாசிக்கும் எவரையும் நிறத்தின் காரணமாக எந்தச் சபையிலிருந்தும் விலக்கக் கூடாது என்று அறிக்கை வெளியிட்டன. சீர்திருத்தத் திருச்சபையின் பிரதிநிதிகளும் அதற்கு உடன்பட்டார்கள். பிரதமர் வெர்வூர்ட் சினந்தார். சினாடுகள் தம் பிரதிநிதிகளையே கைவிட்டன. அந்தப் பிரதிநிதிகளில் ஒருவரான பையர்ஸ் நாடே மட்டும் பின்வாங்கவில்லை. ஆஃப்ரிகானர்களின் இரகசியச் சங்கமான ப்ரூடர்பாண்டை நிறுவியவர்களில் ஒருவருடைய மகன் அவர்; தாமும் அதன் உறுப்பினராக இருந்தவர். 1963இல் தம் பதவியையும் சபையையும் இழக்கத் துணிந்து கிறிஸ்தவ நிறுவனம் என்ற அமைப்பைத் தொடங்கினார். 1977 முதல் 1984 வரை அரசு அவரை நடமாடவும் பேசவும் விடாமல் தடையாணையில் வைத்திருந்தது. 1980இல் அவர் வெள்ளையரின் சபையை விட்டு, அலெக்சாண்ட்ராவில் கறுப்பினத்தவரின் சபையில் சேர்ந்துகொண்டார்.

1982 ஆகஸ்டில் சீர்திருத்தத் திருச்சபைகளின் உலகக் கூட்டமைப்பு கனடாவின் ஒட்டாவாவில் கூடியது. அங்கே திருவிருந்து ஆராதனை நடந்தபோது, தென்னாப்பிரிக்காவிலிருந்து வந்திருந்த கறுப்பின, கலப்பினப் பிரதிநிதிகள் அதில் பங்குபெற மறுத்தார்கள். சொந்த நாட்டில் எந்த வெள்ளைச் சகோதரரோடு சேர்ந்து அப்பம் பிட்க முடியாதோ, அவரோடு வெளிநாட்டில் சேர்ந்து பிட்பது பொய்யாகிவிடும் என்பது அவர்கள் வாதம். அந்தக் கூட்டம் இனஒதுக்கலைப் பாவம் என்றும், அதை இறையியலால் நியாயப்படுத்துவதை வேதப்புரட்டு என்றும் அறிவித்து, தென்னாப்பிரிக்காவின் இரண்டு வெள்ளைச் சபைகளின் உறுப்புரிமையை நிறுத்திவைத்தது. மிஷன் திருச்சபையின் போதகர் ஆலன் புசாக்கைத் தன் தலைவராகவும் தேர்ந்தெடுத்தது. சில வாரங்களில், கேப்டவுனை அடுத்த பெல்ஹாரில் கூடிய மிஷன் திருச்சபை, ஒற்றுமையும் ஒப்புரவும் நீதியும் சுவிசேஷத்தின் சாரம் என்று ஓர் அறிக்கையை எழுதி, 1986இல் அதைத் தன் விசுவாச அறிக்கையாக ஏற்றது. தாய்ச்சபைக்கு மகள் சபை கற்றுக்கொடுத்தது.

வெள்ளையரின் சபை 1986இல் இனஒதுக்கலுக்கு வேத ஆதாரம் இல்லை என்று ஒப்புக்கொண்டது. அதைக்கூடச் சகிக்காதவர்கள் அடுத்த ஆண்டே வெளியேறி, வெள்ளையர்களுக்கு மட்டுமான புதுச் சபை ஒன்றைத் தொடங்கினார்கள். 1990 நவம்பரில் திருச்சபைகளின் ரஸ்டன்பர்க் மாநாட்டில் ஸ்டெலன்பாஷ் இறையியல் பேராசிரியர் வில்லி யோங்கர் எழுந்து, தம் குற்றத்தையும் தம் சபையின் குற்றத்தையும் அறிக்கையிட்டார். கறுப்பின ஆங்கிலிக்கன் பேராயர் டெஸ்மண்ட் டூட்டூ அந்த அறிக்கையை ஏற்று மன்னிப்பை அறிவித்தார். எங்களைக் கேட்காமல் எப்படி மன்னிக்கலாம் என்று கறுப்பினப் பிரதிநிதிகள் சிலர் கேட்டார்கள். டூட்டூவின் பெருந்தன்மையை நான் வணங்குகிறேன். ஆனால் அந்தக் கேள்வியும் நியாயமானதே. அறிக்கையிட்ட சபைக்கும் மன்னித்த சபைக்கும் நடுவிலிருந்த சுவர் மறுநாளும் அப்படியேதான் நின்றது.

கலப்பினத்தவர் சபையும் கறுப்பினத்தவர் சபையும் 1994இல் ஒன்றாயின. வெள்ளையரின் சபை இன்றுவரை அவர்களோடு இணையவில்லை. இணைவதற்குப் பெல்ஹார் அறிக்கை ஏற்கப்பட வேண்டும் என்பது ஐக்கியச் சபையின் எதிர்பார்ப்பு. அதற்கு வழிதிறக்கும் சபைச் சட்டத் திருத்தத்துக்குத் தேவையான ஆதரவு வெள்ளையரின் சபைகளிடமிருந்து 2015இல்கூடக் கிடைக்கவில்லை. அமெரிக்காவின் பிரஸ்பிட்டேரியன் திருச்சபையோ அடுத்த ஆண்டே அதைத் தன் விசுவாச அறிக்கைகளில் ஒன்றாகச் சேர்த்துக்கொண்டது. தேவன் ஏழைகளுக்கும் அநீதிக்குள்ளானவர்களுக்கும் சிறப்பான விதத்தில் தேவனாயிருக்கிறார் என்று பெல்ஹார் சொல்வது விடுதலை இறையியல் என்பது எதிர்ப்பாளர்களின் நெடுநாள் குற்றச்சாட்டு. அந்த வாசகத்துக்கு அடிப்படை 146ஆம் சங்கீதம்: ஒடுக்கப்பட்டவர்களுக்கு நியாயஞ்செய்கிறார், பசியாயிருக்கிறவர்களுக்கு ஆகாரங்கொடுக்கிறார். பாபேலையும் அப்போஸ்தலர் 17:26இன் பாதியையும் வைத்து நான்கு சபைகளை எழுப்ப முடிந்தவர்கள், இந்தச் சங்கீதத்தை முழுதாகப் படித்துவிட்டு வாக்களிக்க வேண்டும். அந்த வாக்கெடுப்பு மறுபடியும் நடத்தப்பட வேண்டும்.