கொள்ளி வைக்க மட்டும் மகள் ஆகாதா?

வயதான காலத்தில் மகன்தான் பார்த்துக்கொள்வான் என்ற பேச்சு நம் வீடுகளில் இன்னும் ஓயவில்லை. ஆனால் சிங்கப்பூரில் எந்தப் பலதுறை மருந்தகத்துக்குப் போனாலும், அம்மாவின் சக்கர நாற்காலியைப் பிடித்துக்கொண்டு நிற்பவர்களில் எத்தனை மகள்கள்! அரை நாள் விடுப்பு எடுத்து வந்திருப்பாள். எந்த மாத்திரை காலையில், எது ராத்திரியில், அடுத்து ரத்தம் எடுப்பது என்றைக்கு, எல்லாம் அவளுக்கு மனப்பாடம். மாதம் பிறந்தால் வீட்டுச் செலவுக்கும் அவள் சம்பளம் போகிறது. இதற்கெல்லாம் எந்தச் சொந்தக்காரரும் குறுக்கே நிற்பதில்லை.

சட்டமும் பேதம் பார்ப்பதில்லை. இங்கே 1995-இல் நிறைவேறிய பெற்றோர் பராமரிப்புச் சட்டம் மகனுக்கு எவ்வளவு பொறுப்போ அவ்வளவையும் மகளுக்கும் வைக்கிறது. பெற்றோர் வீட்டிலிருந்து 4 கிலோமீட்டருக்குள் மறுவிற்பனை வீடு வாங்கினால் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் (வீவக) தரும் மானியம் கல்யாணமான மகளுக்கும் உண்டு. ஊரில் பூர்வீகச் சொத்தில் பெண்ணுக்குச் சம பங்கு என்று தமிழ்நாடு 1989-இலேயே சட்டம் போட்டது. 2005-இல் இந்தியா முழுக்க வந்தது.

சரி, அந்த அம்மா ஒருநாள் இறந்துபோகிறார். புளோக்கின் கீழ்த்தளத்தில் உறவெல்லாம் கூடியிருக்கிறது. "கொள்ளி வைக்கிறது யாரு?" என்று ஒரு பெரியவர் கேட்கிறார். வருஷக்கணக்காகக் குளிப்பாட்டி, சோறூட்டிய மகளைத் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டு, தீபாவளிக்கு மட்டும் வந்துபோன பெரியப்பா மகனைத் தேடுகிறார்கள். அவனும் பாவம், தலைகுனிந்தபடி குடத்தைத் தூக்குகிறான். இதை நான் நேரில் பார்த்திருக்கிறேன். அன்றைக்கு வந்த கோபம் இன்னும் தணியவில்லை.

சடங்கே வேண்டாம் என்பதல்ல என் பேச்சு. தேவாரம் பாட வேண்டும், வாய்க்கரிசி போட வேண்டும், பதினாறாம் நாள் காரியமும் முறையாக நடக்க வேண்டும். துக்கத்தைத் தாங்க அவை எனக்குத் தேவை. அவற்றைச் செய்யும் கை மகளுடையதாக இருந்தால் என்ன குறைந்துவிடும்? பெண்கள் சுடுகாட்டுக்கு வரக்கூடாது என்றுதான் ஒரு காலத்தில் சொன்னார்கள். இப்போது பஸ்ஸில் ஏறி மண்டாய் தகனச்சாலை வரை வருகிறார்கள், யாரும் தடுப்பதில்லை. மகளே முன்நின்று காரியம் செய்த குடும்பங்களும் இங்கே இருக்கின்றன.

பெற்றோரே உயிரோடு இருக்கும்போது, உறவுகள் முன்னால் வாய்திறந்து சொல்லிவிட வேண்டும். சாவு வீட்டில் மகள் போய் இதற்காக வாதாட முடியாது. என் அப்பா சொல்லிவிட்டார். சித்தப்பாவுக்குத்தான் இன்னும் மனசு ஒப்பவில்லை, அவரோடு பேசிக்கொண்டிருக்கிறேன்.