மூக்கைத் தேய்த்தால் நாய்க்குட்டி பழகாது

"வீட்டுக்குள் மூத்திரம் போன குட்டியின் மூக்கை அதிலேயே தேய்த்து ஒரு அடி வையுங்கள், மூன்றே நாளில் பழகிவிடும்." கும்பகோணம், தஞ்சாவூர் பக்கம் வாட்சப்பில் சுற்றும் யோசனை இது. தவறு. தயவுசெய்து செய்யாதீர்கள்.

எப்போதோ போனதற்கு இப்போது அடித்தால், எதற்கு அடி என்று குட்டிக்குப் புரியாது. உங்களைக் கண்டு பயப்படத்தான் கற்றுக்கொள்ளும். அப்புறம் கட்டிலுக்கு அடியில் ஒளிந்துகொண்டு மூத்திரம் போகும். நாமோ திமிர் என்கிறோம், பாவம்.

பொமரேனியன், பக் போன்ற சின்ன இனங்களுக்கு மூத்திரப்பையும் சின்னது. இரண்டு மாதக் குட்டியால் பகலில் இரண்டு மணி நேரம் அடக்குவதே பெரிது. தூங்கி எழுந்ததும், சாப்பிட்டதும், விளையாடி முடித்ததும் கொல்லைப்புறத்தில் ஒரே இடத்துக்குத் தூக்கிப் போங்கள். போய் முடித்த அந்த நொடியே தட்டிக்கொடுத்து ஒரு துண்டு தீனி கொடுங்கள். இதுதான் பாடம். தடுப்பூசிகள் முடியும்வரை தெருவில் விட வேண்டாம், பார்வோ என்ற உயிர்க்கொல்லி வைரஸ் நோய் தொற்றலாம்.

ஐப்பசி மழையில் கொல்லை சேறாகிவிட்டால் சின்னக் குட்டி இறங்க மறுக்கும். தாழ்வாரத்தின் ஓரத்தில் பழைய செய்தித்தாள் விரித்துப் பழக்கலாம்.

உள்ளே போய்விட்டால் சத்தமில்லாமல் துடையுங்கள். அம்மோனியா கலந்த திரவம் வேண்டாம். அந்த வாடை மூத்திர வாடை போலிருப்பதால் குட்டி அங்கேயே திரும்பப் போகும். மூத்திரம் குறையட்டும் என்று பகலில் தண்ணீர்க் கிண்ணத்தை எடுத்து வைப்பதும் தப்பு, சித்திரை வெயிலில் அது ஆபத்து.

நன்றாகப் பழக நாலைந்து மாதம்கூட ஆகலாம். பழகிய குட்டி திடீரென்று அடிக்கடி போனால் கால்நடை மருத்துவரிடம் காட்டுங்கள்.