தொட்டாற்சிணுங்கி என்று அழைக்காதீர்கள்

"ஒன்றுமில்லை, நன்றாகத்தான் இருக்கிறேன்" என்கிறார் ஒருவர். அதைச் சொல்லுமுன் அவர் குரல் ஒரு கணம் தடுமாறியது என் காதில் விழுந்துவிடுகிறது. என்னவென்று கேட்டால் அத்துமீறல். கேட்காமல் வந்துவிட்டால் அன்றிரவு எனக்குத் தூக்கமில்லை.

சிறுவயதிலிருந்தே எனக்குத் தொட்டாற்சிணுங்கி என்று பெயர். அந்தச் செடி தன்னைத் தொட்டால் சுருங்கும். எனக்கோ பக்கத்தில் இருப்பவரைத் தொட்டாலே போதும்.

இது நோயல்ல, சிலருக்கு அமைந்த இயல்பு என்று உளவியலாளர் எலைன் ஏரனும் அவர் கணவர் ஆர்தர் ஏரனும் 1997இல் ஆய்வுக்கட்டுரை எழுதினார்கள். ஆனால் என்னை உலுக்கியது மூளை ஆய்வாளர் தானியா சிங்கர் குழுவினரின் 2004ஆம் ஆண்டு ஆய்வுதான். 16 பெண்களின் மூளையைப் படம்பிடித்தபடி, அவர்களுடைய துணைவரின் கையில் மின்னதிர்ச்சி கொடுத்தார்கள். வலியின் வேதனையோடு தொடர்புடைய பகுதிகள் அந்தப் பெண்களிடமும் இயங்கின. உடலில் எந்த இடத்தில் வலிக்கிறது என்று உணர்த்தும் பகுதிகள் இயங்கவில்லை. காயமே இல்லாத வேதனை. சொல்லத் தெரியாமல் நான் இத்தனை காலம் தவித்தது இதைத்தான்.

வீடு நிறைய ஆட்கள் இருக்கும்போதுதான் என் தனிமை கூடுகிறது. சிரிப்புக்கு நடுவே யார் முகம் வாடுகிறது என்று தெரிகிறது. தெரியாததுபோல் நானும் சிரிக்க வேண்டும். மனத்தில் உள்ளதைக் கொட்டிவிட்டு எல்லோரும் இலேசாக எழுந்து போகிறார்கள். நான் உடைந்துபோகும் நாளில், "நீயே இப்படிப் பேசலாமா?" என்கிறார்கள்.

ஆனால் உணர்வதெல்லாம் உண்மை என்று நம்பியதற்கு நான் கொடுத்த விலையும் உண்டு. நெருங்கிய தோழி ஒருத்தியின் மௌனத்தை என்மீதான கோபம் என்று எடுத்துக்கொண்டு, இரண்டு வாரம் அவளைவிட்டு விலகியிருந்தேன். அவளோ தன் தந்தையின் பரிசோதனை முடிவுக்காகக் காத்திருந்தாள். அவள் துயரத்திலும் நான் என்னையே தேடியிருக்கிறேன். அந்த வெட்கம் இன்னும் போகவில்லை.

ஒருவருடைய வலியைத் தானும் சுமப்பது வேறு, அவர் நலத்தை நாடுவது வேறு என்று சிங்கரே பின்னாளில் பிரித்துக் காட்டினார். முதலாவது ஆளைக் களைப்பாக்குகிறது. இரண்டாவதைப் பயிற்சியால் வளர்க்கலாம் என்கிறார். நான் இப்போதுதான் பழகுகிறேன். ஊகித்துக்கொண்டு தவிக்காமல், வாய்திறந்து கேட்கிறேன்.

வகுப்பில் வேறொரு பிள்ளை திட்டு வாங்கியதற்காக வீட்டுக்கு வந்து அழும் குழந்தை உங்களுக்கு இருந்தால், தயவுசெய்து "உனக்கென்ன வந்தது?" என்று அதட்டாதீர்கள். என்ன நடந்தது என்று கேளுங்கள். அது சொல்லி முடிக்கும்வரை பக்கத்தில் உட்கார்ந்திருங்கள்.